ஆனையிறவைத் தாண்டி வந்த காதல் படங்கள்

 

கொஞ்சம் நீளமான பதிவு. வரலாற்று வாத்திமாரின் பழக்கம், இன்றைக்கு நடந்ததைச் சொல்வதென்றாலும் எழுபது வருடம் பின்னால் போய்த்தான் தொடங்குவோம். நேரம் இருப்பவர்கள் வாசியுங்கள்.

எங்களிடம் உயர்தரம் படிக்கும் பிள்ளை ஒருவன் போனிலேயே பதினொரு நிமிடத்தில் ஒரு குறும்படம் எடுத்தான். ஆனையிறவு உப்பளத்தில் வேலை செய்யும் ஒரு பெண், தினமும் ரயிலில் அந்த இடத்தைக் கடந்து போகும் ஒரு பையன். இருவரும் ஒரு வார்த்தையும் பேசுவதில்லை. கடைசியில் ஒருநாள் ரயில் வருகிறது, யன்னலில் அவன் இல்லை. அவ்வளவுதான் கதை. பார்த்துவிட்டு நான் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தேன். நல்ல படம்.

யூடியூபில் போட்டான். ஒரு கிழமைக்குள் வேறொரு சனல் அதை இறக்கி, முன்னும் பின்னும் இருந்த பெயர்களை வெட்டி, தங்களுடைய சின்னத்தை ஒட்டிப் போட்டுவிட்டது. இவன் போட்டதை 600 பேர் பார்த்திருந்தார்கள். அவர்கள் போட்டதை 40,000 பேர்.

வகுப்பில் வந்து கேட்டான். "சேர், இது களவுதானே?"

"களவுதான். அதில் என்ன சந்தேகம்" என்றேன்.

பின்வாங்கில் இருந்த ஒரு பிள்ளை மெதுவாகக் கையை உயர்த்தினாள். "சேர், போன கிழமை 'சையாரா' பார்த்தன் எண்டு சொன்னீங்களே. அது எதில பார்த்தனீங்கள்?"

வகுப்பே சிரித்தது. படம் அப்போது இந்தியத் தியேட்டர்களில் ஓடிக்கொண்டிருந்தது. நான் பார்த்தது டெலிகிராமில். பொய் சொல்ல வாய் வரவில்லை. "நாளைக்குப் பதில் சொல்லுறன்" என்றேன். அடுத்த நாள் ஒரு பாடவேளை முழுக்கச் சொன்னேன். அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இந்திக் காதல் படத்துக்கும் இலங்கைக்கும் உள்ள உறவு காற்றில் தொடங்கியது. 1952 இல் இந்தியாவின் தகவல் அமைச்சராக இருந்த பி.வி. கேஸ்கர், திரைப்பாடல் தரம் குறைந்தது என்று கருதி அகில இந்திய வானொலியில் அதற்கு இடமில்லாமல் செய்தார். அந்த இடைவெளியில் நுழைந்தது எங்கள் இலங்கை வானொலி. இரண்டாம் உலகப் போரில் நேச நாட்டுப் படைகளுக்காக நிறுவப்பட்ட வலுவான சிற்றலை ஒலிபரப்பி கொழும்பில் இருந்தது. அதன் இந்திச் சேவை பாட்டுகளை அள்ளி வீசியது. 1952 இறுதியில் தொடங்கிய 'பினாகா கீத்மாலா'வை அமீன் சயானி பம்பாயில் ஒலிப்பதிவு செய்து கொடுக்க, அந்த நாடா விமானத்தில் கொழும்புக்கு வந்து, இங்கிருந்து காற்றில் இந்தியாவுக்கே திரும்பிப் போனது. 1957 இல் இந்திய அரசு 'விவித பாரதி'யைத் தொடங்கியதற்கு இந்தப் போட்டியும் ஒரு காரணம்.

இது களவு அல்ல. இசைத்தட்டுக் கம்பனிகளும் விளம்பரக்காரரும் விரும்பிச் செய்த வியாபாரம். ஆனாலும் முதலில் இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. மக்கள் ஒன்றை விரும்பும்போது வாசலை அடைத்தால், அது வேலியால் வரும். இனி வரும் கதை முழுக்க அந்த வேலியைப் பற்றியதுதான்.

என் வாப்பா 'ஆராதனா'வை யாழ்ப்பாணத்தில் மூன்று தரம் பார்த்ததாகச் சொல்வார். இந்தியில் ஒரு சொல் தெரியாது. ராணி, வெலிங்டன், றீகல், வின்சர், மனோகரா, ராஜா என்று தியேட்டர்கள் இருந்த நகரம் அது. ஆனால் வெளிநாட்டுப் படத்தை யாரும் நினைத்தபடி கொண்டுவர முடியாது. 1972 இல் இயங்கத் தொடங்கிய அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்தின் கையில்தான் இறக்குமதி இருந்தது. எது வரும், எப்போது வரும் என்பதை கொழும்பு தீர்மானித்தது. உள்ளூர்ப் படங்களுக்கு மூச்சுவிட இடம் கொடுக்க வேண்டும் என்ற நியாயம் அதற்குப் பின்னால் இருந்தது. 'பொன்மணி', 'வாடைக்காற்று' போன்ற எங்கள் படங்கள் வந்த காலமும் அதுதான். அதே நேரம், விரும்பிய இந்தியப் படத்துக்காக வருடக்கணக்கில் காத்திருந்த சனமும் இருந்தது.

அந்தச் சனத்திடம்தான் வீடியோ டெக் வந்து சேர்ந்தது. பீற்றாமாக்ஸ் 1975 இல் வந்தது, வீ.எச்.எஸ். 1976 இல். 1982 இல் ரூபவாஹினி தொடங்கியது. வளைகுடாவுக்கு உழைக்கப் போனவர்கள் திரும்பும்போது பெட்டியில் டெக் வந்தது. எங்கள் வீட்டுக்கு சவூதியில் இருந்து மாமா கொண்டுவந்தார். சோனகத் தெருவில் அது வந்த நாள் பெருநாள் மாதிரி. கசெட்டுக்குக் கடையில் நாள்வாடகை. அதில் உரிமை வாங்கிய கசெட் எத்தனை என்று யாரும் கேட்கவில்லை, கடைக்காரருக்கும் தெரிந்திருக்காது.

இதே வருடங்களில் பம்பாயில் நடந்ததை இங்கே கவனிக்க வேண்டும். 1982 டில்லி ஆசிய விளையாட்டுப் போட்டியோடு இந்தியாவில் வர்ணத் தொலைக்காட்சியும் வீடியோவும் பரவின. படம் வெளியான கையோடு கள்ளக் கசெட்டும் வந்துவிடும். 1984 இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தித் தண்டனையைக் கூட்டினார்கள். கசெட் நிற்கவில்லை. கசெட் வந்ததும் தியேட்டரை விட்டு முதலில் போனது யார்? வீட்டில் டீவி வாங்க வசதியுள்ள குடும்பங்கள். குறிப்பாகப் பெண்கள். மிஞ்சியது முன்வரிசை இளைஞர்கள். அவர்களுக்காக எண்பதுகளில் அடிதடிப் படங்கள் குவிந்தன, தியேட்டர்கள் அழுக்கேறின, அழுக்கேறியதால் குடும்பங்கள் இன்னும் தள்ளிப்போயின.

என் பதிலின் நடுப்புள்ளி இதுதான் பிள்ளைகளே என்றேன். கள்ளப் பிரதி எல்லாப் படத்தையும் ஒரே அளவாகத் தாக்குவதில்லை. சண்டைப் படத்துக்குப் பெரிய திரை வேண்டும், விசில் வேண்டும். காதல் படத்தை "வீட்டில ஆறுதலாப் பார்ப்பம்" என்று தள்ளிவைக்கலாம். அப்படித் தள்ளிவைக்கக் கூடிய படத்தின் கல்லாவில்தான் கள்ளப் பிரதி முதலில் கை வைக்கும்.

1988 இல் 'கயாமத் சே கயாமத் தக்', 1989 இறுதியில் 'மைனே பியார் கியா' என்று காதல் திரும்பி வந்தது. அதற்குப் பிறகு 1994 ஓகஸ்ட் 5 ஆம் தேதி வந்த 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' படத்தை ஒரு பாடமாகவே வைக்கலாம். ராஜ்ஸ்ரீ நிறுவனம், சூரஜ் பர்ஜாத்தியா இயக்கம், 14 பாட்டு, மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் கல்யாண வீட்டுக் கதை. கள்ளக் கசெட்டை எப்படி மறிப்பது என்று யோசித்தார்கள். வழமைபோல வீடியோ உரிமையை விற்கவில்லை. முதலில் மிகச் சில தியேட்டர்களில் மட்டும் வெளியிட்டார்கள். திரையையும் ஒலியையும் சீராக வைத்திருந்த தியேட்டர்களைத் தேடிக் கொடுத்தார்கள். வீட்டுக்குள் போயிருந்த குடும்பம் சீலை உடுத்திக்கொண்டு திரும்பி வந்தது. பம்பாய் லிபர்ட்டி தியேட்டரில் படம் 100 வாரங்களைத் தாண்டியது. அடுத்த வருடம் 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே'. அது மராத்தா மந்திரில் 1000 வாரங்களை எட்டியது 2014 டிசம்பரில்.

நான் அந்த 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' படத்தை எங்கே பார்த்தேன் தெரியுமா? புத்தளத்தில், அகதி முகாமில்.

1990 ஒக்டோபர் 30 இல் யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் எல்லோரையும் இரண்டு மணி நேரத்தில் வெளியேறச் சொன்னார்கள். எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. மாமாவின் டெக் சோனகத் தெரு வீட்டிலேயே இருந்துவிட்டது. அந்தக் கதையை வேறொரு நாள் எழுதுகிறேன். முகாமில் மின்சாரம் கிடையாது. ஒருவர் ஜெனரேட்டரும் டீவியும் டெக்கும் வாடகைக்குக் கொண்டுவந்து, கிடுகு வேலி அடைத்து, ஆளுக்கு 5 ரூபா வாங்கினார். தியேட்டருக்குள் களவாகக் கமராவைப் பிடித்து எடுத்த பிரதி அது. படத்தின் நடுவில் யாரோ ஒருவர் எழும்பிப் போவார், அவருடைய தலை மாதுரி தீட்சித்தின் முகத்தை மறைக்கும். முகாமில் இருந்த நாங்களும் சேர்ந்து கத்துவோம், "இரி காக்கா!" என்று. உம்மாமார் முதல்தடவையாகச் சிரித்த இரவுகளில் அதுவும் ஒன்று. கல்யாண வீடு ஒன்று உடைபடாமல் முழுசாக நடப்பதை அவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அந்த 5 ரூபாவில் ஒரு சதமும் ராஜ்ஸ்ரீக்குப் போகவில்லை. போக ஒரு வழியும் இருக்கவில்லை. அந்தப் படத்தை எங்களுக்கு விற்க யாரும் வரவில்லை, நாங்கள் வாங்கக்கூடிய கடையும் இருக்கவில்லை. நான் அதைக் களவு என்று அன்றைக்கு நினைக்கவே இல்லை. இன்றைக்கும் முழு மனதோடு அப்படிச் சொல்ல முடியவில்லை.

அதே காலத்தில் ஆனையிறவுக்கு அந்தப் பக்கம் நிலைமை என்ன? என்னோடு படிப்பிக்கும் தமிழ் ஆசிரியர் ஒருவர் சொல்வார். 1990 இல் மின்சாரம் நின்றது. பற்றறியும் எரிபொருளும் தடைப்பட்டியலில். ஆனையிறவில் முகாம், பாதை பூட்டு. கிளாலிக் கடலால் இரவில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வள்ளத்தில் போய் வந்த காலம். சைக்கிள் டைனமோவைச் சுற்றி றேடியோ கேட்ட சனம். எப்போதாவது யாராவது வீட்டில் ஜெனரேட்டர் பிடித்து மண்ணெண்ணெயில் ஓடவிட்டு, விடிய விடிய மூன்று படம் பார்ப்பார்களாம். எண்ணெய் முடிந்துவிடும் என்று பாட்டு வந்தால் ஓட்டிவிடுவார்கள். "காதல் படம் பார்த்தோம் சேர், ஆனா ஒரு பாட்டும் கேக்கேல்ல" என்று அவர் சொல்லும்போது எனக்குச் சிரிப்பும் வரும், நெஞ்சும் அடைக்கும்.

2002 பெப்ரவரியில் போர்நிறுத்தம். ஏப்ரலில் ஏ9 வீதி திறந்தது. ஓமந்தையில் ஒரு சோதனை, முகமாலையில் ஒரு சோதனை. பன்னிரண்டு வருடத்துக்குப் பிறகு வீட்டைப் பார்க்க நானும் அந்தப் பாதையால் வந்தேன். ஆனையிறவில் பஸ் நின்றது. இரண்டு பக்கமும் நீர், உடைந்த சுவர்கள், உப்புக் காற்று. யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தடியில் இறங்கினால் தரையில் சாக்கு விரித்து வீ.சீ.டீ. விற்றுக்கொண்டிருந்தார்கள். ஒரு தட்டில் 74 நிமிடம்தான் அடங்கும். மேற்கு நாடுகளில் பெரிதாக எடுபடாத அந்தத் தட்டு ஆசியா முழுக்கக் கொடிகட்டிப் பறந்தது. விலை குறைவு, எந்தக் கணினியிலும் கொப்பி அடிக்கலாம். இந்திப் படம் என்றால் மூன்று தட்டு. 2004 நவம்பரில் வந்த 'வீர் சாரா'வை அப்படித்தான் வாங்கினேன். மூன்றாவது தட்டில் கீறல். இருபத்திரண்டு வருடம் பிரிந்திருந்த காதலர்கள் சேர்ந்தார்களா இல்லையா என்று தெரியாமலே ஒரு வருடம் போனது.

இதில் ஒரு வேடிக்கை. 'வீர் சாரா' ஒரு இந்திய ஆணும் ஒரு பாகிஸ்தான் பெண்ணும் காதலிக்கும் கதை. ஆனால் 1965 போருக்குப் பிறகு பாகிஸ்தான் தியேட்டர்களில் இந்தியப் படத்துக்குத் தடை. அது தளர்ந்தது 2006 க்குப் பிறகுதான். நாற்பது வருடமாக அந்த நாட்டு மக்கள் இந்திப் படம் பார்த்ததெல்லாம் கள்ளக் கசெட்டிலும் கேபிளிலும். தங்கள் நாட்டுப் பெண்ணின் காதல் கதையையும் அவர்கள் கள்ளத் தட்டில்தான் பார்க்க வேண்டியிருந்தது. அந்தத் தடை அவர்களுடைய சொந்த சினிமாவைக் காப்பாற்றியதா என்றால், அதுவும் இல்லை. லாகூர் சினிமா சரிந்தது, தியேட்டர்கள் மூடப்பட்டன. 2019 இல் மறுபடியும் தடை.

இங்கே, தட்டுகள் வடக்குக்கு மலிந்து வந்துகொண்டிருந்த 2003 நவம்பரில்தான் இலங்கையின் புதிய புலமைச் சொத்துச் சட்டம், 36 ஆம் இலக்கம், நிறைவேறியது. சட்டம் நல்ல சட்டம். ஆனால் சாக்கு விரித்த தம்பிக்கும் அது தெரியாது, வாங்கிய எனக்கும் தெரியாது. 2006 ஓகஸ்டில் பாதை மறுபடி பூட்டுப்பட்டது. அதற்குப் பிறகு வன்னிச் சனம் எதையெல்லாம் விட்டுவிட்டு ஓடியது என்பதை இதை வாசிக்கும் பலருக்கு நான் சொல்லத் தேவையில்லை.

2013 செப்டம்பரில் கிளிநொச்சிக்கும் 2014 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்துக்கும் ரயில் திரும்பி வந்தபோது எல்லோர் கையிலும் போன் இருந்தது. படம் வர இனி ஆனையிறவைத் தாண்ட வேண்டியதில்லை. சோதனைச் சாவடி இல்லை, சாக்கு இல்லை, மூன்றாவது தட்டில் கீறலும் இல்லை. 2001 இல் வந்த பிட்டொரென்ட் முறையில் ஒரு படத்தை ஆயிரம் துண்டாக உடைத்து ஆயிரம் பேரிடம் இருந்து ஒரே நேரத்தில் இறக்கலாம். மூடுவதற்குக் கடை என்று ஒன்று இல்லை.

இந்தப் புது உலகத்தில் நீதிமன்றம் தடுமாறியதைக் காட்டும் முதல் கதைகளில் ஒன்றும் ஒரு காதல் படத்தைப் பற்றியது. 2012 மார்ச்சில் வந்த தனுஷின் '3'. 'கொலவெறி'ப் பாட்டு 2011 நவம்பரில் யூடியூபில் இலவசமாக வந்து உலகம் சுற்றியது. பாட்டு இலவசமாகப் பரவியதுதான் படத்துக்கு விளம்பரம். படம் அப்படிப் பரவக்கூடாது என்று தயாரிப்பாளர் சென்னை உயர் நீதிமன்றம் போனார். திருடன் யாரென்று தெரியாதபோது இந்திய நீதிமன்றங்களில் 'அசோக் குமார்' என்று ஒரு கற்பனைப் பெயரில் ஆணை எடுப்பது வழக்கம். அந்த ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு இணையக் கம்பனிகள் 2012 மே மாதத்தில் விமியோ போன்ற ஒழுங்கான தளங்களையும் சேர்த்து முழுசாக மூடிவிட்டன. சனம் கொதித்தது. ஜூனில் நீதிமன்றம் திருத்திச் சொன்னது: முழுத் தளத்தையும் அல்ல, களவுப் படம் இருக்கும் குறிப்பிட்ட முகவரியை மட்டும் மறியுங்கள் என்று.

2015 இல் மலையாளத்தில் 'பிரேமம்'. படம் தியேட்டரில் ஓடிக்கொண்டிருக்கும்போதே தணிக்கைக்குக் கொடுத்த பிரதி இணையத்தில் வந்தது. விசாரணையில் தணிக்கை அலுவலகத்தின் தற்காலிக ஊழியர்கள் கைதானார்கள். வேலியே பயிரை மேய்ந்த கதை. ஆனாலும் படம் விழவில்லை, சென்னையில் மட்டும் 200 நாட்களைத் தாண்டியது. 2018 நவம்பரில் '2.0' வெளியாகும் முன்னர் 12,000 க்கு மேற்பட்ட இணையத்தளங்களை மறிக்க சென்னை உயர் நீதிமன்றம் ஆணையிட்டது. ஆணை கேட்ட லைக்கா நிறுவனத்தின் உரிமையாளர் சுபாஸ்கரன் அல்லிராஜா முல்லைத்தீவில் பிறந்தவர். படம் வந்த கையோடு இணையத்திலும் வந்தது. 2023 இல் இந்தியா திரைப்படச் சட்டத்தையே திருத்தி, களவாகப் பதிவுசெய்தால் மூன்று மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை, தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை தண்டம் என்று ஆக்கியது.

"அப்ப சேர், பிரேமம் ஓடினதுதானே, ஆருக்கு நட்டம்?" என்று ஒருவன் கேட்டான். நல்ல கேள்வி.

நட்டம் ஓடிய படத்துக்கு அல்ல. மெதுவாக ஓட வேண்டிய படத்துக்கு. முன்பு காதல் படம் முதல் கிழமை ஆளில்லாமல் கிடந்தாலும், பார்த்தவர் பக்கத்து வீட்டில் சொல்ல, பாட்டு வானொலியில் சுற்ற, நாலாம் கிழமை நிறையும். இப்போது அந்த நாலு கிழமை இல்லை. மூன்றாம் நாள் பிரதி போனுக்கு வந்துவிடும் என்று தெரிந்தபடியால், வெள்ளி, சனி, ஞாயிறுக்குள் போட்ட காசை எடுக்கத் தயாரிப்பாளர் ஆயிரக்கணக்கான திரைகளில் ஒன்றாக இறக்குகிறார். மூன்று நாளில் சனத்தை இழுக்கப் பெரிய நட்சத்திரமும் வெடியும் புகையும் வேண்டும். புதுமுகம் இருவர் மழையில் நின்று பேசும் படத்துக்கு யார் காசு போடுவார்? எல்லாப் பழியையும் கள்ளப் பிரதியில் போடவும் கூடாது. பல்திரை அரங்குகளின் டிக்கட் விலை, வீட்டுக்குள் வரும் ஓ.டி.டி. சேவைகள் என்று பங்காளிகள் வேறும் உண்டு. ஆனால் காத்திருக்கும் பொறுமையைச் சந்தையிலிருந்து எடுத்ததில் கள்ளப் பிரதிக்குப் பெரிய பங்கு உண்டு.

மற்றப் பக்கத்தையும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அது வரலாறு ஆகாது. கௌதம் மேனனின் 'மின்னலே' 2001 இல் இந்திக்கு 'ரெஹ்னா ஹை தேரே தில் மே' என்று போனது. தியேட்டரில் தோல்வி. 2016 இல் 'சனம் தேரி கசம்', தோல்வி. 2018 இல் 'லைலா மஜ்னு', தோல்வி. வீட்டு டீவியிலும் இணையத்திலும், நேர்வழியாகவும் கள்ளவழியாகவும், இந்தப் படங்களை ஒரு தலைமுறை பார்த்துப் பார்த்து அழுதது. 2024 ஓகஸ்டில் 'லைலா மஜ்னு'வும் 2025 பெப்ரவரியில் 'சனம் தேரி கசம்' படமும் மறுபடி தியேட்டருக்கு வந்தபோது முதல் வெளியீட்டை விடக் கூடுதலாகச் சம்பாதித்தன. காதல் படத்தை யாரும் ஒரு தரம் பார்ப்பதில்லை. முதல் பார்வையைக் கள்ளப் பிரதி பறித்தது. பத்தாவது பார்வையை அதுவும் சேர்ந்து உண்டாக்கியது. இரண்டும் உண்மை.

லைலா மஜ்னு கதையே அரபு நாட்டில் பிறந்து, 12 ஆம் நூற்றாண்டில் நிஸாமி பாரசீகத்தில் எழுதி, பிறகு அமீர் குஸ்ரு தன் பங்குக்கு எழுதி, கையால் படியெடுத்தவர்களின் தயவில் எங்களிடம் வந்தது. ஆனால் படியெடுத்தவர் நிஸாமியின் பெயரை வெட்டவில்லை. இதை நான் சொன்னபோது குறும்படம் எடுத்த பிள்ளை நிமிர்ந்து பார்த்தான்.

இன்னொரு உதாரணமும் சொன்னேன். நைஜீரியாவின் கானோ, ஹவுஸா முஸ்லிம்கள் வாழும் பெரிய நகரம். அவர்களும் எங்களைப் போல இந்தி தெரியாமலே இந்திப் படத்துக்கு அடிமைப்பட்டவர்கள். கள்ளக் கசெட் அங்கே பெரிய வலையமைப்பாக ஓடியது. தொண்ணூறுகளில் உள்ளூர்ப் பிள்ளைகள் ஹவுஸா மொழியில் தங்கள் காதல் கதைகளை வீடியோவாக எடுத்தபோது, அதே கொப்பி இயந்திரங்களும் அதே வியாபாரிகளும் அந்தப் படங்களை ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள். களவுக்குப் போட்ட பாதையில் ஒரு சொந்த சினிமா நடந்து வந்தது. பாதை மட்டும் போதாது, அதில் போக எங்களிடம் ஒரு படமும் இருக்க வேண்டும்.

இனி பதில். எங்கள் மார்க்கத்தில் அடுத்த மனிதரின் 'ஹக்' என்று ஒன்று உண்டு. அவருக்குச் சேர வேண்டியது. 1988 இல் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹ் அகாடமி, எழுதியவருக்கும் கண்டுபிடித்தவருக்கும் தம் ஆக்கத்தில் உள்ள உரிமை ஷரீஅத்தால் பாதுகாக்கப்பட்டது, அதில் கைவைக்கக் கூடாது என்று தீர்மானித்திருக்கிறது. நான் பிள்ளைகளிடம் சொன்னேன்: புத்தளம் முகாமில் 5 ரூபா கொடுத்து நான் பார்த்தபோது எனக்கு வேறு வாசல் இருக்கவில்லை. அதைப் பற்றி அல்லாஹ்விடம் நான் பேசிக்கொள்கிறேன். ஆனால் 'சையாரா'வை டெலிகிராமில் பார்த்தபோது, கொஞ்சம் பொறுத்திருந்தால் நேர்வழியில் வரும் என்று எனக்குத் தெரியும். மாதச் சம்பளமும் வருகிறது. பொறுமை இல்லாமல் பார்த்தேன். முகாமில் கிடைக்காத காலத்துச் சாட்டை, கிடைக்கும் காலத்திலும் தூக்கிக்கொண்டு திரிந்திருக்கிறேன். அது களவுதான். உங்கள் நண்பனின் பெயரை வெட்டியவனும் நானும் ஒரே வாங்கில்தான் இருக்கிறோம், நான் கொஞ்சம் ஓரத்தில்.

வகுப்பு சிரிக்கவில்லை.

பிறகு அவனும் நானும் கணினி அறையில் இருந்து யூடியூபுக்கு முறைப்பாட்டுப் படிவம் நிரப்பினோம். நாலு நாளில் கள்ளப் பிரதி நீக்கப்பட்டது. அன்று பின்னேரம் அவனைப் பார்த்தால் முகம் வாடிப் போயிருந்தது. "ஏன்டா?" என்றேன்.

"சேர், 40,000 பேரும் போயிட்டினம். இப்ப பழையபடி 600."

எனக்குப் பதில் வரவில்லை. இவ்வளவு வரலாறு சொல்லியும் அந்த ஒரு வசனத்துக்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. கள்ளனிடம் சனம் இருந்தது, எடுத்தவனிடம் பெயர் மட்டும் இருந்தது. இந்தி சினிமா நாற்பது வருடமாக மோதிக்கொண்டிருக்கும் சுவரில்தான் இந்தப் பிள்ளையும் பதினேழு வயதில் முட்டி நின்றான்.

இரண்டு நாள் கழித்து அவனே வந்தான். "சேர், அந்த ஆக்கள் செய்த மாதிரிச் செய்து பாப்பமா? நெட்டில இருந்து எடுத்துப்போட்டு ஊரில திரை கட்டிக் காட்டுவம்." ராஜ்ஸ்ரீக்காரர் 1994 இல் செய்ததைத்தான் சொல்கிறான். பாடம் ஒருவனுக்காவது ஏறியிருக்கிறது.

வருகிற மாத முதல் சனிக்கிழமை, மஃரிபுக்குப் பிறகு, ஊர்ப் பொதுமண்டபத்தில் படம். டிக்கட் 50 ரூபா. வாசலில் நிற்கப் போவது நான். பதினொரு நிமிடப் படம்தான், இரண்டு தரம் ஓடவிடுவான். சீலை உடுத்தி வாறவர்கள் உடுத்தி வாருங்கள். போனைத் தூக்கிப் படம் பிடிக்கிறவர்களிடம் மட்டும் இப்போதே சொல்லிவைக்கிறேன். உங்கள் தலையை மறைக்க முன்வரிசையில் எழும்பி நிற்கப் போவதும் நான்தான்.

உங்கள் ஊருக்குக் காதல் படம் எந்த வழியால் வந்தது, ஜெனரேட்டரிலா, தட்டிலா, போனிலா, கீழே எழுதுங்கள். பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டுவேன்.